அண்ணி ஊற்றிய தண்ணீர்

“நோட்டு எழுதற கைக்கு மம்பட்டி தாங்குமா பாப்பா? வெயிலு ஒன்ன சுருட்டிரும். போ, போயி கொடைக்குள்ள ஒக்காரு.”

இதைச் சொன்னது என் அண்ணி அஞ்சலை. சொன்ன இடம், வடலூருக்குக் கிழக்கே இருக்கிற எங்கள் ஊர் ஏரி. நூறு நாள் வேலையில் ஏரியைத் தூர் வாரிக்கொண்டிருந்தோம். அதாவது மற்றவர்கள் வாரினார்கள், நான் பணித்தளப் பொறுப்பாளர். குடை பிடித்துக்கொண்டு வருகைப் பதிவேட்டில் பெயர் எழுதுவேன். அன்று சும்மா ஒரு மண்வெட்டியைத் தூக்கிப் பார்த்தேன், அண்ணி சிரித்துக்கொண்டுதான் அப்படிச் சொன்னாள். அவளோடு சேர்ந்து குழி வெட்டிக்கொண்டிருந்த பெண்கள் எல்லாரும் சிரித்தார்கள். அந்தச் சிரிப்புதான் எனக்குப் பொறுக்கவில்லை.

எனக்கு வந்த நோய்க்கு டாக்டர்கள் நான்கு காரணங்கள் சொன்னார்கள். ஐந்தாவது காரணம் எனக்கு மட்டும் தெரியும். அதையும் சேர்த்து எழுதினால்தான் இது உண்மையான கதை.

எங்கள் வீட்டில் பள்ளிக்கூடத்தைத் தாண்டிப் போன முதல் ஆள் நான். அப்பா பலராமனும் அம்மாவும் கைநாட்டு. அண்ணன் ஏழுமலை ஐந்தாம் வகுப்போடு நின்றுவிட்டது. நான் தினமும் கடலூருக்கு பஸ் ஏறிப் போய் விலங்கியல் படித்து பி.எஸ்சி. முடித்தேன். மின்சாரக் கடிதாசியோ ரேஷன் கார்டோ எது வந்தாலும் என் கைக்குத்தான் வரும். வீட்டில் ‘தெரிந்தவள்’ என்று ஒரு இடம் இருந்தது. அதில் நான் உட்கார்ந்திருந்தேன்.

அண்ணி வந்தபிறகு அந்த இடம் கொஞ்சம் கொஞ்சமாக நகர்ந்தது. அவள் மேல்பட்டாம்பாக்கம் பக்கத்துப் பெண். மூன்றாம் வகுப்பு வரைதான் படிப்பு. கல்யாணத்துக்கு முன் ஆறு வருஷம் ஒரு பிராய்லர் கோழிப் பண்ணையில் வேலை பார்த்தவள். என்னைவிட இரண்டு வயதுதான் பெரியவள். ஆனால் அம்மா எதையும் முதலில் அவளிடம்தான் சொல்வாள். நான் டிகிரி வாங்கிய அன்று அம்மா கேசரி கிண்டினாள். அண்ணி ஒரு வாய் போட்டுக்கொண்டு, “வெலங்கியல்னா இன்னா படிப்பு பாப்பா?” என்று கேட்டாள்.

“உயிரோட இருக்கறதப் பத்தின படிப்பு.”

“அட, அப்ப நானும் அதான் படிச்சிருக்கேன். கோழிப் பண்ணையில.”

வீடே சிரித்தது. என் கேசரி ஆறிப்போனது.

நான் விழுந்தது, ‘தானே’ புயலுக்கு அடுத்து வந்த கோடையில். எங்கள் பக்கத்தில் இருப்பவர்களுக்கு அந்தக் கோடையைப் பற்றிச் சொல்ல வேண்டியதில்லை. மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். மார்கழியில் அடித்த காற்றில் முந்திரியும் பலாவும் வேரோடு போயின. ஏரிக்கரையில் இருந்த புங்க மரங்களில் ஒன்றுகூட நிற்கவில்லை. பங்குனி பிறந்தபோது ஊரில் நிழல் என்று ஒன்று இல்லவே இல்லை. ஓடு பறந்த வீடுகளுக்கெல்லாம் சிமெண்ட் ஷீட் போட்டிருந்தார்கள். பகலில் வாங்கிய சூட்டை அது ராத்திரி முழுக்க நம்மேல் இறக்கும். கரண்டோ ஒரு நாளில் பாதி நேரம் இருக்காது. கத்திரி தொடங்கி நான்கு நாட்கள் நான் சரியாகத் தூங்கவில்லை. அது டாக்டர்கள் சொன்ன முதல் காரணம்.

இரண்டாவது, தண்ணீர் குடிக்கவில்லை. ஏரியில் பெண்கள் ஒதுங்க இடம் கிடையாது. முன்பு மரத்தின் மறைவாவது இருந்தது. அதனால் காலையில் ஒரு டீ குடித்துவிட்டு மதியம் வரை வாயை மூடிக்கொண்டிருப்பேன். மூன்றாவது, அன்று சளிக்கு ஒரு மாத்திரை போட்டிருந்தேன். அந்த வகை மாத்திரைகளில் சில வேர்வையைக் குறைக்கும் என்று எனக்கு அப்போது தெரியாது. நிழலுக்குப் பந்தல் போட வேண்டியதும் என் பொறுப்புதான். புயலில் தென்னங்கீற்று கிடைக்கவில்லை என்று விட்டுவிட்டேன். அதை யாரும் காரணத்தில் சேர்க்கவில்லை. நானே சேர்த்துக்கொள்கிறேன்.

நான்காவது காரணத்தைப் பின்னால் சொல்கிறேன். ஐந்தாவதுதான் அண்ணியின் சிரிப்பு.

பதிவேட்டை மூடி வைத்தேன். சட்டையைப் புடவைமேல் போட்டுக்கொண்டு, தலையில் துண்டை இறுகக் கட்டிக்கொண்டு, அண்ணி வெட்டிய குழிக்குப் பக்கத்திலேயே ஒரு குழியை அளந்து வெட்டத் தொடங்கினேன். அப்போது மணி பத்தரை இருக்கும். அண்ணி, “ஏய், வெளையாட்டுக்குச் சொன்னேன்டி” என்றாள். அவளுடைய மண்வெட்டி ஒரு முறை இறங்கினால் என்னுடையது இரண்டு முறை இறங்க வேண்டும் என்று கணக்கு வைத்துக்கொண்டேன்.

முதலில் தலைவலி வந்தது. பிறகு கெண்டைக்கால் இழுத்துப் பிடித்தது. அதை உதறிவிட்டு வெட்டினேன். வாந்தி வருகிற மாதிரி இருந்தது. விழுங்கிக்கொண்டேன். பன்னிரண்டு மணிக்கு மேல் ஒரு வினோதம் நடந்தது. அந்த வெயிலில் எனக்குச் சில்லென்று புல்லரித்தது. கையைத் தடவிப் பார்த்தேன், வேர்வை இல்லை. உடம்புக்குப் பழகிவிட்டது, ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன். என் வாழ்க்கையில் அவ்வளவு பெரிய தப்பாக எதையும் நினைத்ததில்லை. இதைப் படிப்பவர்கள் இந்த ஒரு வரியையாவது நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். வெயிலில் வேலை செய்யும்போது குளிர் எடுத்தால், அந்த இடத்திலேயே வேலையைப் போட்டுவிட்டு நிழலுக்குப் போக வேண்டும்.

அதற்குப் பிறகு நடந்தது எதுவும் எனக்கு நினைவில்லை. மற்றவர்கள் சொல்லித்தான் தெரியும். எல்லாரும் சிரித்துச் சிரித்துச் சொல்கிறார்கள், அதனால் பல முறை கேட்டிருக்கிறேன்.

நான் மண்வெட்டியைத் தூக்கி வீசிவிட்டு, கையை இரண்டு பக்கமும் விரித்துக்கொண்டு தள்ளாடினேனாம். கண் மேலே சொருகியிருந்ததாம். ஊரில் மாரியம்மனுக்குக் காப்பு கட்டியிருந்த நேரம் அது. கோவிந்தம்மா என்கிற வயசான அம்மா முதலில் கத்தியிருக்கிறாள், “ஆத்தா வந்துட்டாடீ!” கரைமேல் இருக்கும் கோயிலுக்கு ஒருத்தி ஓடி வேப்பிலையும் திருநீறும் கற்பூரமும் கொண்டுவந்துவிட்டாள். எரிகிற வெயிலில் என் முகத்துக்கு நேரே கற்பூரம் காட்டினார்கள்.

“யாரு தாயி வந்திருக்கறது? சொல்லு!”

“பதினேழு வரல” என்றேனாம் நான். பதிவேட்டில் பதினேழாம் எண் ஆள் அன்று வேலைக்கு வரவில்லை. அதைத்தான் உளறியிருப்பேன்.

“பதினேழு நாள்ல மழ வருமா ஆத்தா?”

“பதினேழு வரல... ஆப்சென்ட் போடு.”

ஆத்தா இங்கிலீஷ் பேசுகிறாளே என்று ஒருத்தி சந்தேகப்பட்டிருக்கிறாள். படித்த பெண்மேல் இறங்கினால் அப்படித்தான் பேசுவாள் என்று கோவிந்தம்மா சமாதானம் சொல்லியிருக்கிறாள்.

அண்ணி அப்போது கரைக்கு அந்தப் பக்கம் மண் கொட்டப் போயிருந்தாள். கூடையைப் போட்டுவிட்டு ஓடி வந்தவள் என் கழுத்தைத் தொட்டுப் பார்த்தாளாம். “சாமியும் இல்ல, பூதமும் இல்ல. வாயப் பொளந்துக்கினு மூச்சு வாங்கறா பாரு. சூட்டுல கோழி இப்டித்தான் ரெக்கய விரிச்சிக்கினு நிக்கும். தண்ணிய எட்தாங்கடி!”

“சாமி மேல தண்ணி ஊத்துனா குத்தம்டி அஞ்சல!”

“குத்தம் எம்மேல வரட்டும் ஆயா. நீ கற்பூரத்த அண.”

என் சட்டையைக் கழற்றி, துண்டை அவிழ்த்து, ஆறு பேரை என்னைச் சுற்றி நின்று புடவையைப் பிடித்து மறைப்புக் கட்டச் சொல்லியிருக்கிறாள். குடிக்க வைத்திருந்த தண்ணீர்க் குடங்கள் எல்லாவற்றையும் தலையிலிருந்து கால்வரை ஊற்றி, மண் அள்ளுகிற சாக்குகளை நனைத்து மேலே போட்டு, நான்கு பெண்களைக் கூடைகளால் விசிறச் சொல்லியிருக்கிறாள். சாக்கு சூடானதும் எடுத்து மறுபடி நனைக்க வேண்டும். ஒருத்தி என் வாயில் தண்ணீர் ஊற்ற வந்தபோது தட்டிவிட்டிருக்கிறாள். “மயக்கத்துல வாயில ஊத்துனா பொறையேறிச் செத்துரும். வெளியில ஊத்து.” சத்தம் கேட்டு ஓடி வந்த அண்ணன் நூற்றெட்டுக்குப் போன் போட்டது. ஆம்புலன்ஸ் வந்து சேரும்வரை ஊற்றுவதும் விசிறுவதும் நிற்கவில்லை. வண்டிக்குள்ளும் ஒரு குடத்தோடு ஏறியவள் கடலூர் நெருங்கும்வரை நிறுத்தவில்லை.

கடலூர் ஆஸ்பத்திரியில் பார்த்தபோது சூடு நூற்றி நான்குக்குக் கீழே இறங்கியிருந்தது. ஏரியில் எவ்வளவு இருந்தது என்று யாருக்கும் தெரியாது. குளுக்கோஸ், ஐஸ், மூச்சுக்கு மாஸ்க் என்று அங்கே பார்த்தார்கள். மறுநாள் விடிந்ததும் என்னைச் சிதம்பரத்துக்கு அனுப்பினார்கள். காரணம், ஒன்றுக்குப் போகப் போட்டிருந்த குழாயில் வந்தது வரக்காப்பி நிறத்தில் இருந்தது.

எனக்குச் சரியாக நினைவு திரும்பியது சிதம்பரத்தில்தான். மேலே மின்விசிறி ஓடியது. கரண்ட் இருக்கிறதே என்பதுதான் என் முதல் எண்ணம். அப்பா வார்டு வாசலில் செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றார். ஆண்களை உள்ளே விடமாட்டார்கள். அம்மா கட்டிலின் கால்மாட்டில். அண்ணி தலைமாட்டில் உட்கார்ந்து என் தலைமுடியில் காய்ந்திருந்த ஏரி மண்ணை ஈர்க்குச்சியால் எடுத்துக்கொண்டிருந்தாள்.

என்னைத் தினமும் பார்க்க வந்தது ஒரு பயிற்சி டாக்டர். என் வயதுதான் இருக்கும். கழுத்தில் ஸ்டெதாஸ்கோப், காலில் வெள்ளை ஷூ, தலையில் ஒரு முடிகூடக் கலையவில்லை. அவளைப் பார்த்ததும் என் அழுக்கு நைட்டியை இழுத்து மூடிக்கொண்டேன். இந்த மாதிரி ஒருத்தியாக நான் ஆகியிருக்க வேண்டும் என்று தோன்றியது. படித்த பெண் என்று அவளுக்குத் தெரிய வேண்டுமே என்று, வலியிலும் இரண்டு வார்த்தை இங்கிலீஷில் பேசினேன்.

அவள் பொறுமையாக விளக்கினாள். இது வெப்பத் தாக்கு, ஹீட் ஸ்ட்ரோக். காய்ச்சல் வேறு, இது வேறு. காய்ச்சலில் மூளையே உடம்பைச் சூடாக்கச் சொல்லி உத்தரவு போடுகிறது. மாத்திரை அந்த உத்தரவை மாற்றும். வெப்பத் தாக்கில் மூளை அப்படிச் சொல்லவில்லை, உடம்பு சூட்டை வெளியே தள்ள முடியாமல் தோற்றுவிட்டது. அதனால் காய்ச்சல் மாத்திரை கேட்காது. போர்வை போர்த்தினால் ஆபத்து. வெளியிலிருந்து குளிர்விப்பது ஒன்றுதான் வழி, அதுவும் உடனே. தாமதமாகும் ஒவ்வொரு நிமிஷமும் மூளை, ஈரல், சிறுநீரகம் என்று உள்ளே வெந்துகொண்டே போகும். ஆள் உளற ஆரம்பித்தால் அது மூளைக்குச் சூடு ஏறியதன் அடையாளம்.

“உங்களுக்குத் தசை நார் நிறைய உடைஞ்சிருக்கு. அதோட சாயம்தான் யூரின்ல வருது. கிட்னி ஒரு சல்லடை மாதிரி. இந்தச் சாயம் போயி அடைச்சிக்கும். கிரியாட்டினின்னு ஒரு கழிவு ரத்தத்துல ஒண்ணு பக்கம் இருக்கணும். உங்களுக்கு நாலரை இருக்கு. ரெண்டு மூணு நாள்ல எறங்கலன்னா டயாலிசிஸ் பண்ணணும்.” டயாலிசிஸ் என்றால் ரத்தத்தை வெளியே எடுத்து இயந்திரத்தில் கழுவித் திரும்பச் செலுத்துவது.

பிறகு அவள் கேட்டாள், “ஆம்புலன்ஸ் வர்றதுக்கு முன்னாடியே கூல் பண்ணியிருக்காங்கன்னு கடலூர் சீட்டுல இருக்கு. ரொம்பச் சரியாப் பண்ணியிருக்காங்க. யாரு சொல்லிக் குடுத்தது?”

அம்மா வெளியே போயிருந்தாள். அண்ணி பாத்திரம் கழுவப் போயிருந்தாள். அந்தப் பெண்ணின் வெள்ளை ஷூவைப் பார்த்துக்கொண்டே சொன்னேன்.

“நான்தான். முன்னாடியே எல்லாருக்கும் சொல்லி வச்சிருந்தேன். நான் ஜுவாலஜி கிராஜுவேட்.”

“வெரி குட்” என்று சொல்லிவிட்டு அதை அவள் கேஸ் ஷீட்டில் எழுதிக்கொண்டாள். பேனா ஓடுகிற சத்தம் எனக்குக் கேட்டது.

அடுத்த நாட்கள் முழுக்க நாங்கள் ஒரு பிளாஸ்டிக் பையைப் பார்த்துக்கொண்டே இருந்தோம். கட்டிலுக்குக் கீழே தொங்கும் அந்தப் பையில் சொட்டுச் சொட்டாக இறங்குவதன் நிறம்தான் என் தலைவிதி. அம்மா குனிந்து பார்த்து, “கொஞ்சம் வெளுத்தாப்ல இருக்குல்ல?” என்பாள். “அப்டியேதான் இருக்கு” என்பேன். ரத்தத்தில் கிரியாட்டினின் நாலரையிலிருந்து ஐந்துக்குப் போனது. அன்று மத்தியானம் அப்பா வார்டு வாசலிலிருந்து சைகையில் என்னவென்று கேட்டார். அம்மா ஐந்து விரலைக் காட்டினாள். அவர் அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டார். வெளியே எடுக்கச் சொன்ன ஒரு சில பரிசோதனைகளுக்கு, விழுந்த முந்திரி மரங்களை விறகுக்கு விற்று வைத்திருந்த பணத்தை எடுத்துவந்திருந்தார்.

இவ்வளவு பயத்திலும் என் பொறாமை மட்டும் இளைக்கவில்லை. பார்க்க வருகிற ஒவ்வொருவரிடமும் அம்மா ஒரே வாக்கியத்தில் தொடங்குவாள்: “அஞ்சல இல்லன்னா எம் பொண்ணு மண்ணுக்குள்ள போயிருக்கும்.” நான் கண்ணை மூடித் தூங்குவதுபோல இருப்பேன். அண்ணி இரண்டே நாளில் வார்டு முழுக்கச் சொந்தம் பிடித்துவிட்டாள். பக்கத்துக் கட்டில் அம்மாவுக்குத் தலை வாரிவிடுவாள். ஆயாவோடு வெற்றிலை போடுவாள். நர்ஸ்கூட என் பெயரைச் சொல்லாமல், “அஞ்சலையோட பேஷண்ட்” என்றுதான் கூப்பிட்டாள். கோவிந்தம்மா பஸ் ஏறி வந்து, என் காதருகே குனிந்து, “அந்தப் பதினேழு இன்னாடி, இப்பவாவது சொல்லு” என்று கேட்டுவிட்டு, அண்ணியின் கன்னத்தைத்தான் வழித்துத் திருஷ்டி கழித்துவிட்டுப் போனாள். படுத்திருப்பது நான், திருஷ்டி அவளுக்கு!

ஒரு நாள் ஊருக்குப் போய்த் திரும்பிய அண்ணி, கஞ்சித் தூக்கோடு ஒரு பிளாஸ்டிக் கவரையும் நீட்டினாள். உள்ளே என் விலங்கியல் புத்தகம்.

“சும்மா படுத்துக்கினு இருந்தா போரடிக்கும்ல? ஒன் அலமாரியில நெறயா இருந்துச்சி. எது எதுன்னு எனக்குத் தெரியல. இதுல பறவ படம் போட்டிருந்துச்சி, எட்தாந்துட்டேன்.”

அவள் போனபிறகு புரட்டினேன். பறவைகளுக்கு வேர்வைச் சுரப்பி கிடையாது, வாயைத் திறந்து வேகமாக மூச்சு விட்டுத்தான் சூட்டைத் தணித்துக்கொள்ளும் என்ற இடத்தில் நானே ஸ்கேல் வைத்துச் சிவப்பு மையில் கோடு போட்டிருந்தேன். பரீட்சையில் அதை எழுதி மார்க்கும் வாங்கியிருந்தேன். அந்த வரி என்னிடம் இரண்டு வருஷமாகத் தாளில் இருந்தது. அண்ணியிடம் கையில் இருந்தது. புத்தகத்தைத் தலையணைக்கு அடியில் வைத்துவிட்டு அழுதேன். அம்மா சிறுநீரகத்தை நினைத்து அழுகிறேன் என்று நினைத்துக்கொண்டாள்.

ஆறாம் நாள் பை வெளுத்தது. இந்த முறை நானும் ஒத்துக்கொண்டேன். கிரியாட்டினின் நான்கு, அடுத்த நாள் மூன்று. டயாலிசிஸ் வேண்டாம் என்றார்கள். அப்பா வாசலிலிருந்து கையெடுத்துக் கும்பிட்டார், எந்தப் பக்கம் என்று தெரியவில்லை. ஆஸ்பத்திரிக்கா, நடராஜர் கோயில் இருக்கிற திசைக்கா, இரண்டுக்கும் சேர்த்தா.

அன்றுதான் பெரிய டாக்டர் அம்மா ரவுண்ட்ஸ் வந்தார். கேஸ் ஷீட்டைப் பார்த்துவிட்டுச் சொன்னார், “இங்க வர்றதுக்கு முன்னாடியே பாதி வைத்தியம் முடிஞ்சிருக்கு. இல்லன்னா இந்தப் பொண்ணு நமக்குக் கெடச்சிருக்காது. யாரு பண்ணது?”

பயிற்சி டாக்டர் முந்திக்கொண்டாள். “பேஷண்டே முன்னாடி சொல்லிக் குடுத்திருக்காங்க மேடம். ஜுவாலஜி படிச்சவங்க.”

அண்ணி பிளாஸ்கோடு அங்கேயேதான் நின்றிருந்தாள். அம்மா வாயைத் திறந்தாள். அண்ணி அம்மாவின் முழங்கையை மெல்லத் தொட்டாள்.

“ஆமாங்கம்மா. பாப்பாதான் சொல்லும். அது படிச்சிருக்குல்ல.”

பெரிய டாக்டர் என் தோளைத் தட்டினார். “உங்க ஒன்றியத்துல வேலைத்தளப் பொறுப்பாளருங்களுக்கு ஒரு கூட்டம் போடலாம்னு இருக்கோம். வெயில்ல விழுந்தா இன்னா பண்ணணும்னு சொல்ல. நீங்க வந்து பேசுங்க. டாக்டர் சொல்றதவிட விழுந்து எழுந்த ஆளு சொன்னா கேப்பாங்க.”

சரி என்று தலையாட்டினேன். அண்ணி டீயை ஆற்றி என் கையில் கொடுத்தாள். அவள் என்னைப் பொய்க்காரி என்று எல்லார் முன்னாலும் சொல்லியிருந்தால்கூட நான் சண்டை போட்டிருப்பேன். என் பொய்யையும் எனக்கே விட்டுக்கொடுத்துவிட்டாள். அதற்கு எப்படிச் சண்டை போடுவது?

நான்காவது காரணத்தைப் பெரிய டாக்டர் சொன்னது, வீட்டுக்கு அனுப்புவதற்கு முந்தின நாள். அம்மா அவரிடம், “இனிமே இதை வெயில்ல அனுப்பமாட்டேங்கம்மா. படிச்ச ஒடம்பு, தாங்காது” என்றாள்.

“படிச்ச உடம்பு, படிக்காத உடம்புன்னு ஒண்ணும் கெடையாதும்மா” என்றார் அவர். “உங்க மருமக மாசியிலேருந்து தெனமும் வெயில்ல வேல செஞ்சிருக்காங்க. ஒரு வாரம் பத்து நாள்ல உடம்பு பழகிக்கும். சீக்கிரம் வேர்க்கும், நெறய வேர்க்கும், வேர்வையில உப்பு கொறச்சலாப் போகும். உங்க பொண்ணு கொடைக்குள்ள இருந்துட்டு, மொத நாளே உச்சி வெயில்ல மம்பட்டி புடிச்சிருக்கு. வெயில்ல சாகறவங்க முக்கால்வாசிப் பேரு வேலைக்கி வந்த மொத சில நாள்லதான். புதுசா வர்றவங்கள கொஞ்சம் கொஞ்சமாத்தான் ஏத்தணும். இந்தப் பொண்ணுக்கு இந்த வெயில் காலம் முழுக்க ரெஸ்ட். அப்புறம் தாராளமாப் போகட்டும்.”

அதாவது அண்ணி பாடத்தைத் தினமும் படித்திருந்தாள். நான் ஒரே நாளில் பரீட்சை எழுதப் போனேன். பள்ளிக்கூடத்தில் நான் யாரைப் பார்த்துச் சிரிப்பேனோ, அந்த மாணவியாக இங்கே நான் இருந்திருக்கிறேன்.

பதினோராம் நாள் வீட்டுக்கு வந்தேன். உள்ளே நுழைந்ததும் வித்தியாசம் தெரிந்தது. அண்ணனும் அண்ணியும் கூரை ஷீட்டின்மேல் வைக்கோலைப் பரப்பிச் சாக்கு போட்டு, காலையும் மதியமும் தண்ணீர் தெளித்துக்கொண்டிருந்தார்கள். அதுவும் கோழிக் கொட்டகை வைத்தியம்தான். அதற்கு அடியில் படுத்துக்கொண்டு கூட்டத்தில் பேச வேண்டியதை எழுதத் தொடங்கினேன். அடையாளங்களை எழுதினேன். காரணங்களை எழுதினேன். ‘உடனே குளிர்விக்க வேண்டும்’ என்று எழுதிய இடத்தில் பேனா நின்றுவிட்டது. சாக்கை எவ்வளவு நேரத்துக்கு ஒரு முறை மாற்ற வேண்டும்? தலையா, நெஞ்சா, எதில் முதலில் ஊற்ற வேண்டும்? எப்போது நிறுத்துவது? கூட்டத்தில் யாராவது எழுந்து கேட்டால்? அந்த மதியத்தில் நான் அங்கே இருந்தும் இல்லாதவள்.

இரண்டு நாள் அந்தத் தாளை மடித்து மடித்து வைத்தேன். மூன்றாம் நாள் அண்ணி கொல்லையில் கீரை ஆய்ந்துகொண்டிருந்தபோது பக்கத்தில் போய் உட்கார்ந்தேன்.

“அண்ணி, தண்ணி ஊத்தறத எப்ப நிறுத்தணும்?”

“கோழின்னா, வாய மூடி தலயத் தூக்கிப் பாக்கும். அப்ப நிறுத்தணும்.”

“எனக்கு?”

அவள் கீரைத்தண்டைக் கீழே போட்டுவிட்டுச் சிரிக்க ஆரம்பித்தாள். “நீ வண்டியில கண்ணத் தொறந்து என்னப் பாத்து, ‘போடி கோழிக்காரி’ன்ன. செரி, நம்ம பாப்பா திரும்பிட்டான்னு கொடத்தக் கீழ வச்சேன்.”

எனக்கு முகம் எரிந்தது. “இத நீ யாருகிட்டயும் சொல்லலயே.”

“சொல்றதுக்கு அதுல இன்னா இருக்கு? கோழிக்காரிதான?”

“டாக்டர்கிட்ட ஏன் அப்டிச் சொன்ன? நான்தான் சொல்லிக் குடுத்தேன்னு?”

அவள் மறுபடி ஒரு கீரைத்தண்டை எடுத்து ஒடித்தாள். “அந்தம்மாகிட்டப் போயி கோழிப் பண்ணையில கத்துக்கிட்டேன்னு சொல்றதுக்கு எனக்கு வெக்கமா இருந்துச்சி. நீ பாட்டுக்கு அந்த டாக்டர் பொண்ணுகூட இங்கிலீசுல பேசற. அது எழுதி எழுதி வச்சிக்குது. நான் பக்கத்துல பிளாஸ்க்கு வச்சிக்கினு நிக்கறேன். அன்னிக்கெல்லாம் எனக்கு ஒம்மேல எவ்ளோ பொறாம தெரியுமா? ரெண்டு இட்லி ஜாஸ்தியாத் தின்னேன்.”

அதைக் கேட்டு எனக்கு வந்த சந்தோஷத்தை எழுத வெட்கமாக இருக்கிறது. ஆனாலும் எழுதுகிறேன். அம்மாவின் புகழ்ச்சி, நர்ஸின் செல்லம், திருஷ்டி எல்லாம் கையில் வைத்துக்கொண்டு அவள் என்னைப் பார்த்துப் பொறாமைப்பட்டிருக்கிறாள்! எனக்கு அப்போதே பாதி உடம்பு தேறிவிட்டது. அன்று சாயங்காலம்வரை அவள் சொல்லச் சொல்ல எழுதினேன். அக்குளிலும் தொடை இடுக்கிலும் ஈரத் துணி வைக்க வேண்டும், சாக்கைப் போட்டு மூடி வைத்துவிடக் கூடாது, காற்று படாத ஈரம் கோழியை அவித்துவிடும் என்றெல்லாம் சொன்னாள். இரண்டு இடத்தில் அவளிடம் வாதாடினேன். ஒரு இடத்தில் நான் சொன்னது சரி.

மறு பரிசோதனைக்குச் சிதம்பரம் போனபோது ரத்தம் சுத்தமாக இருந்தது. நான் சொன்னது பொய் என்று பெரிய டாக்டரிடம் ஒத்துக்கொண்டேன். பக்கத்தில் நின்ற பயிற்சி டாக்டரின் முகத்தைப் பார்க்காமல்தான் சொன்னேன். அவர் திட்டவில்லை. “அப்ப யாரு பேசப் போறீங்க?” என்று மட்டும் கேட்டார். யோசித்து எழுதித் தருகிறேன் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

பஸ்ஸில் அண்ணியிடம் கேட்டபோது, “நான் மைக்குல பேசமாட்டேன், வாய் வராது” என்றாள். வடலூர் வருவதற்குள், “நீ படுத்துக்கறதா இருந்தா ஊத்திக் காட்டறேன். ஊத்திக்கினே பேசனா பேச்சு வரும்” என்றாள்.

“ஒன்றியத்துப் பொறுப்பாளருங்க எல்லாரு முன்னாடியும் நான் நனஞ்சிக்கினு படுத்துக் கெடக்கணுமா?”

“அன்னிக்கு ஊரு முன்னாடியே கெடந்தியே.”

ஒரு வாரம் தள்ளிப்போட்டேன். எட்டாம் நாள் ஒன்றிய அலுவலகத்துக்குப் போனேன். கூட்டத்தில் பேசுபவருக்கென்று ஒரு படிவம் வைத்திருந்தார்கள். பெயர் என்ற இடத்தில் ஏ. அஞ்சலை என்று எழுதினேன். கல்வித் தகுதி என்ற இடத்தில் ‘ஆறு ஆண்டுகள், கோழிப் பண்ணை’ என்று எழுதினேன். மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவர் படித்துவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தார். சரியாகத்தான் எழுதியிருக்கிறேன் என்றேன். உதவியாளர் என்ற இடத்தில், அதாவது படுத்து நனைகிறவளாக, என் பெயரை எழுதி, அதற்குப் பின்னால் பி.எஸ்சி. என்றும் போட்டேன். அதை மட்டும் விட முடியவில்லை. பிறகு மாற்றி எழுதத் தோன்றிவிடக் கூடாதே என்று, நகலில் முத்திரை வாங்கிக்கொண்டுதான் பஸ் ஏறினேன்.